இடது காதுக்கு லாபம்

பெண் பார்க்கப் போகும்போது கையில் என்ன கொண்டுபோவது என்ற பேச்சு எங்கள் வீட்டில் எழுந்தால், எல்லோரும் ஒரே நேரத்தில் என்னைத் திரும்பிப் பார்ப்பார்கள். பழம், பூ, வெற்றிலை பாக்கு எல்லாம் மற்றவர்கள் கொண்டுபோவது. நான் பல்லி கொண்டுபோனவன்.

அதுவும் சுவரில் ஓடுகிற சாதாரணப் பல்லி இல்லை. ஒன்றரைச் சாண் நீளம், சாம்பல் நீல உடம்பு, மேலெல்லாம் சிவப்புப் புள்ளி. மலாய்க்காரர்கள் அதைத் தொக்கே என்பார்கள். அது கத்துவதே அப்படித்தான். எங்கள் சிகாமட் பக்கத்தில் அந்த ஜாதி கிடையாது. கெடாவிலிருந்து எங்கள் தோட்டத்துக்கு மாற்றலாகி வந்த ஆஸ்பத்திரி டிரஸ்ஸர் அதைக் கூடவே கொண்டுவந்தார். "இந்த வீட்டுல அதுவா, நானா?" என்று அவர் மனைவி கேட்டதும் என்னிடம் கொடுத்துவிட்டார். நான் கல்யாணம் ஆகாத சின்னக் கிராணி. காலையில் ரப்பர் பால் நிறுத்துக் கணக்கு எழுதுவது, மாலையில் சும்மா இருப்பது என்று காலம் ஓடிக்கொண்டிருந்தது. (ரப்பர் விலை விழுந்து கிடந்த சமயம். தோட்டத்தில் எல்லோருமே கொஞ்சம் சும்மாதான் இருந்தோம்.) என்னிடம் அப்படிக் கேள்வி கேட்க ஆளில்லாததால் வாங்கிக்கொண்டேன்.

அதற்கு மைனர் என்று பெயர் வைத்தேன். புள்ளிச் சட்டை போட்டுக்கொண்டு, வேலை எதுவும் செய்யாமல், சாயங்காலமானால் குரல் கொடுக்கிறவனை வேறு எப்படிக் கூப்பிடுவது? பால் டின் வந்த மரப்பெட்டியின் ஒரு பக்கத்தில் கம்பிவலை அடித்து, உள்ளே மரப்பட்டை வைத்து வீடு கட்டிக் கொடுத்தேன். தட்டில் வைத்த தண்ணீரை மைனர் தொடமாட்டான். இலையில் தெளித்துவிட்டால் துளித்துளியாக நக்குவான். கண்ணுக்கு இமை இல்லாததால் அதையும் நாக்காலேயே துடைத்துக்கொள்வான். தோல் உரித்தால் உரித்ததைத் தானே தின்றுவிடுவான். தின்ன முடியாதபடி விரலில் ஒட்டிக்கொண்டிருக்கும் மிச்சத்தை ஈரத்துணியால் நான் துடைத்துவிட வேண்டும். அப்படித் துடைத்த அன்று என் கட்டைவிரலைப் பிடித்துக்கொண்டான். இழுக்க இழுக்கப் பிடி இறுகியது. கடைசியில் கையோடு அவனையும் வாளித் தண்ணீரில் முக்கிய பிறகுதான் விட்டான்.

சாயங்கால விளக்கு ஏற்றியதும் ஒரு கரப்பான்பூச்சியைத் தீப்பெட்டிக்குள் போட்டு அவன் பெட்டிக்கு முன்னால் ஆட்டுவேன். உடனே ஓடி வருவான். கரப்பானைத் தின்பான். பிறகு தொண்டையை உப்பிக்கொண்டு, 'தொக்... கே' என்று வீடு அதிரக் கத்துவான். இதைப் பல நாள் கூர்ந்து கவனித்து, தீப்பெட்டியை ஆட்டினால் மைனர் கத்துவான் என்று ஒரு பெரிய உண்மையைக் கண்டுபிடித்தேன். வயிறு நிறைந்ததால் கத்தினான் என்பது கிராணி மூளைக்கு எட்டவில்லை.

இந்தக் கண்டுபிடிப்பு என்னோடு செத்துப்போயிருந்தால் ஒருவருக்கும் நஷ்டமில்லை. ஆனால் தங்காக்கில் கமலம் இருந்தாள்.

அவள் அப்பா வேலாயுதம் தங்காக் கடைத்தெருவில் துணிக்கடை வைத்திருந்தார். துண்டு வாங்கப் போன இடத்தில் அவளை முதலில் பார்த்தேன். அப்பா துணியை அளந்துகொண்டிருந்தபோது உள்ளேயிருந்து எட்டிப் பார்த்து, "அப்பா, கோல் சாயுது. அவருக்கு அளவு கொறையும்" என்றாள். சொந்தக் கடையில் வந்தவன் பக்கம் நியாயம் பேசுகிற பெண்ணை நான் அதற்கு முன் பார்த்ததில்லை. அன்றிலிருந்து எனக்கு அடிக்கடி துண்டு தேவைப்பட்டது. ஒரு மல்யுத்தப் பள்ளிக்கூடம் நடத்தும் அளவுக்குத் துண்டு சேர்ந்ததும், என் அக்கா விஷயத்தைப் புரிந்துகொண்டு பேச்சை ஆரம்பித்தாள்.

சிக்கல் அவள் அப்பாவிடம் இருந்தது. வேலாயுதம் நல்ல மனிதர். பல்லி சொல்லாமல் மட்டும் எதையும் செய்யமாட்டார். மூவாரிலிருந்து ஒரு வாத்தியார் பெண் கேட்டு வந்தார். பேச்சு முடியும்வரை பல்லி வாயே திறக்கவில்லை. அனுப்பிவிட்டார். மலாக்காவிலிருந்து வந்தவருக்குப் பல்லி சொன்னது, ஆனால் ஆகாத சுவரில் சொன்னது. அவரும் போனார். அவர்கள் வீட்டில் நல்லது சொல்கிற சுவர் கிழக்குச் சுவர்.

கமலத்தை ஒரு பல்லியின் வாய்க்கு விட்டுவிட எனக்கு மனமில்லை. அந்த வீட்டுப் பல்லியை நம்பினால்தானே தொல்லை, நம் பல்லியைக் கொண்டுபோனால் என்ன என்று தோன்றியது. கிழக்குச் சுவரில் யாரும் பார்க்காமல் மைனரை விட வேண்டும். பேச்சு நல்ல கட்டத்துக்கு வந்ததும் சட்டைப்பையில் தீப்பெட்டியை ஆட்ட வேண்டும். மீதியை அவன் பார்த்துக்கொள்வான். (இதை எழுதும்போது எனக்கே கை கூசுகிறது.)

வட்டமான பிஸ்கட் டின் ஒன்றின் மூடியில் ஆணியால் ஓட்டை போட்டு, உள்ளே ஈர இலை வைத்து மைனரை ஏற்றினேன். அக்காவும் அத்தானும் நானும் பஸ் ஏறினோம்.

"அது என்னாடா டின்னு?" என்றாள் அக்கா.

"பிஸ்கட்டு."

"பரவால்லயே, ஒனக்குக்கூட புத்தி வந்துருச்சே" என்றாள். அவள் அபூர்வமாகப் பாராட்டுகிறவள். நான் மறுக்கவில்லை. அங்கேதான் கெட்டது.

தங்காக் வீட்டுப் படியில் கால் வைத்ததும் கமலத்தின் அம்மா வாசலுக்கு வந்து, "வாங்க, வாங்க, உக்காருங்க" என்றார். நான் கிழக்குச் சுவர் எது என்று சூரியனை வைத்துக் கணக்குப் போட்டுக்கொண்டிருந்தேன். அதற்குள் அக்கா என் கையிலிருந்த டின்னை வெடுக்கென்று வாங்கி, "தம்பி ஆசையா பிஸ்கட்டு வாங்கியாந்துச்சு" என்று அந்த அம்மாவிடம் நீட்டிவிட்டாள்.

"எதுக்கு இதெல்லாம்? கமலம், இதைத் தட்டுல எடுத்து வை. காப்பியோட குடுக்கலாம்."

டின் சமையலறைக்குப் போய்விட்டது. நான் நாற்காலியில் உட்கார்ந்து அலறல் வருவதற்காகக் காத்திருந்தேன். வரவில்லை. டின் மூடி தரையில் விழுந்து உருளும் சத்தம் மட்டும் கேட்டது. கொஞ்ச நேரத்தில் கமலம் காப்பித் தட்டோடு வந்தாள். பிஸ்கட் இல்லை. முகம் வெளுத்திருந்தது. கோப்பையை நீட்டும்போது என்னை ஒரு பார்வை பார்த்தாள். அளவுகோலைச் சாய்த்துப் பிடித்த அப்பாவைப் பார்த்த அதே பார்வை.

அவள் தலைக்கு மேலே பார்த்தேன். சமையலறைத் தடுப்பைத் தாண்டி, விட்டத்தில் ஓடி, மைனர் இறங்கிக்கொண்டிருந்தான். இறங்கிய சுவர் கிழக்குச் சுவர். அதில் சாய்ந்தாற்போல் நாற்காலி போட்டு வேலாயுதம் உட்கார்ந்திருந்தார். அவர் தலைக்கு ஒரு முழம் மேலே மைனர் தலைகீழாக நின்றுவிட்டான். இதைவிட நல்ல இடம் எனக்குக் கிடைக்காது.

"பையனுக்குப் பொண்ணைப் புடிச்சிருக்குங்க. நீங்கதான் ஒரு வார்த்தை சொல்லணும்" என்றாள் அக்கா, நேரம் பார்த்து.

நான் சட்டைப்பைக்குள் கையை விட்டுத் தீப்பெட்டியை ஆட்டினேன்.

மைனர் கத்தவில்லை. தலையை மட்டும் திருப்பினான். வேலாயுதமும் தலையைத் திருப்பினார். அவர் வாயில் பற்றவைக்காத சுருட்டு இருந்தது.

"தீப்பெட்டியா தம்பி? குடுங்க."

பெரியவர் கேட்கும்போது எப்படி மாட்டேன் என்பது? கொடுத்தேன். சுருட்டுக் குடிக்கிற எல்லோரையும் போல அவரும் பெட்டியைக் காதோரம் கொண்டுபோய் ஆட்டிப் பார்த்தார். இடது காதோரம்.

"குச்சி இருக்கும் போலிருக்கே" என்றார்.

மைனர் பாய்ந்தான். பெட்டிக்குத்தான் பாய்ந்தான், அவன்மேல் தப்புச் சொல்லக் கூடாது. ஏதோ அசைகிறதென்று அவர் முகத்தைத் திருப்பியதால் காது குறுக்கே வந்துவிட்டது. காதின் கீழ்ச் சதையைக் கவ்விக்கொண்டு, கடுக்கன் போலத் தொங்கினான்.

"அலமாக்" என்று அலறினார் கமலத்தின் அம்மா. அக்கா மூலையிலிருந்த விளக்குமாற்றை எடுத்துவிட்டாள்.

"கீழ போடும்மா. பல்லியை அடிக்கக் கூடாது" என்றார் வேலாயுதம். வலியில் குரல் மெலிந்திருந்தது. "யாராவது பஞ்சாங்கத்தை எடுங்க. பல்லி விழும் பலன் பாருங்க."

அத்தான் பஞ்சாங்கத்தைப் புரட்டினார். "தலை... நெத்தி... மூக்கு... காது. வலது காது ஆயுசு. இடது காது லாபம்."

"லாபமா? நல்லா பாத்துச் சொல்லுங்க."

"லாபம்னுதாங்க போட்டிருக்கு."

வேலாயுதத்தின் முகத்தில் வலியும் சந்தோஷமும் சண்டை போட்டன. வியாபாரம் மந்தமாக இருந்த வருஷம் அது. "எவ்ளோ நேரம் இருக்கணும்னு போட்டிருக்கா?" என்று கேட்டார்.

"விழுந்தான்னுதான் போட்டிருக்கு. கடிச்சான்னு போடலீங்க."

கமலத்தின் அம்மா மஞ்சள் தடவிப் பார்த்தார். அத்தான் வாலைப் பிடித்து இழுத்துப் பார்த்தார். ஒவ்வொன்றுக்கும் மைனரின் பிடி இன்னும் இறுகியது. என்ன செய்தால் விடுவான் என்று தெரிந்த ஒரே ஆள் நான். நானோ வாயைத் திறக்கவில்லை. திறந்தால் உனக்கெப்படித் தெரியும் என்று கேட்பார்கள். அதோடு கமலம் போச்சு. ஆகவே முகத்தைக் கோப்பைக்குள் வைத்துக்கொண்டு, காலியான காப்பியைக் குடித்துக்கொண்டே இருந்தேன்.

கீழே விழுந்த தீப்பெட்டியிலிருந்து கரப்பான்பூச்சி வெளியே வந்து சாவகாசமாக நடந்து போயிற்று. கமலம் குனிந்து காலிப் பெட்டியை எடுத்தாள். என் பக்கத்தில் வைத்துவிட்டுப் போனாள்.

அப்போது வேலாயுதத்தின் கண்ணிலிருந்து தண்ணீர் வழிந்தது. அவர் துடைக்கவும் இல்லை. தலையை ஆட்டினால் வலிக்குமே. எனக்கு அவமானமாக இருந்தது. அதைவிட அவரைப் பார்க்கப் பாவமாக இருந்தது.

"தண்ணிக்குள்ள முக்குனா விட்டுடுமுங்கய்யா" என்றேன்.

"ஒனக்கு எப்படித் தம்பி தெரியும்?" என்றார்.

"அது என்னோடதுங்க."

அரிசி களைகிற அகலப் பாத்திரத்தில் தண்ணீர் வந்தது. வேலாயுதம் தரையில் ஒருக்களித்துப் படுத்து, இடது காதை மைனரோடு சேர்த்துத் தண்ணீரில் வைத்தார். மேலே இருந்த வலது காதுக்கு நான் பக்கத்தில் குந்தி உட்கார்ந்து, மூவார் வாத்தியாரிலிருந்து தீப்பெட்டி வரை எல்லாவற்றையும் சொன்னேன். பல வீடுகளில் மாப்பிள்ளையை விசாரித்திருப்பார்கள். இந்த நிலையில் யாரும் விசாரித்திருக்க மாட்டார்கள்.

நான் முடிப்பதற்கும் மைனர் விடுவதற்கும் சரியாக இருந்தது. தண்ணீர் சொட்டச் சொட்டப் போய்க் கிழக்குச் சுவரில் ஏறிக்கொண்டான். வேலாயுதம் எழுந்து காதைத் துடைத்தார். (அவர் கடையில் வாங்கிய துண்டுகளில் ஒன்று என் தோளில் கிடந்தது. அதை நான்தான் நீட்டினேன்.)

"பல்லி தானா வந்து விழுந்தா பலன். ஆளு கொண்டாந்து விட்டா அது பலன் இல்ல, போலீஸ் கேஸு. ஒண்ணும் செல்லாது" என்றார். பிறகு அக்காவைப் பார்த்து, "இந்தச் சம்பந்தம் சரிப்படாதும்மா" என்றார்.

"தொக்... கே" என்றான் மைனர்.

வீடு அதிர்ந்தது. நல்ல சுவர், நல்ல நேரம், கணீரென்ற குரல். சரிப்படாது என்பதற்குச் சாட்சி சொல்லிவிட்டான். கரப்பானும் தண்ணீரும் வேளை தவறாமல் கொடுத்து வளர்த்த பல்லி எனக்கு எதிராகப் பேசியதைக் கேட்டு, நான் துண்டோடு நின்றேன்.

வேலாயுதம் கைகூப்பிச் சுவரைப் பார்த்தார். "அதுவே சொல்லிருச்சு."

"அவரு கொண்டாந்த பல்லிதானேப்பா அது?" என்றாள் கமலம். சமையலறை வாசலில் நின்றிருந்தாள். "கொண்டாந்த பல்லி செல்லாதுன்னா இப்ப சொன்னதும் செல்லாது. இது செல்லும்னா ஒங்க காதும் செல்லும். லாபத்தைத் தந்தவரைத் தொரத்தக் கூடாது. ஒரே கோலால அளங்க."

வேலாயுதம் யோசித்தார். இந்தப் பக்கமும் போக முடியவில்லை, அந்தப் பக்கமும் போக முடியவில்லை. பல்லியின் உதவி இல்லாமல் ஒரு முடிவெடுக்க வேண்டிய நிலைமை அவருக்கு அநேகமாக அன்றுதான் வந்தது. கடைசியில் மகளிடமே கேட்டார். "நீ என்னாதான் சொல்ற?"

"ஒரு பல்லிக்கு வெயில் படாம, தண்ணி காயாம எல வச்சுத் தூக்கிட்டு வந்திருக்காரு. டின்னைத் தொறந்து பாத்தேன்" என்றாள். "பொய்தான் சரியா சொல்லத் தெரியல. அது பரவால்ல."

வேலாயுதம் நீண்ட நேரம் காதைத் தடவினார். "பல்லி எங்கிட்டதான் இருக்கணும். சம்மதமா மாப்பிள்ளை?" என்றார்.

மற்ற வீடுகளில் மாமனார் மாப்பிள்ளைக்குச் சீர் செய்வார். நான் மாமனாருக்குப் பல்லி கொடுத்துக் கல்யாணம் செய்துகொண்டேன். மைனர் துணிக்கடைக்குக் குடிபோய், துணியை அரிக்கிற கரப்பான்களைத் தின்று கொழுத்தான். அந்த வருஷம் தீபாவளி வியாபாரம் நன்றாக நடந்தது. மாமனார் தினமும் கல்லாப் பெட்டியைத் திறக்குமுன் இடது காதிலிருந்த சின்ன வடுவைத் தொட்டுக்கொள்வார். காரணம் கேட்கிறவர்களிடம் சொல்லமாட்டார். கேட்காதவர்களிடம் நான் சொல்லிவிடுவேன்.

இப்போது மைனரும் இல்லை, மாமனாரும் இல்லை. ஆனால் சாயங்காலம் விளக்கு ஏற்ற நான் தீப்பெட்டியை எடுத்து, குச்சி இருக்கிறதா என்று ஆட்டினால் போதும், பிள்ளைகள், மருமகள்கள், நேற்று வந்த விருந்தாளி உட்பட எல்லோரும் இடது காதைப் பொத்திக்கொள்கிறார்கள். கமலம் மட்டும் பொத்துவதில்லை. என் கையிலிருந்து பெட்டியை வாங்கித் திறந்து, உள்ளே குச்சிதானா என்று பார்த்துவிட்டுத் திருப்பித் தருகிறாள்.