விலாங்காரும் எங்கள் கார் பார்க்கும்

உலகத்திலேயே உளுந்து வடையை நம்பி அரசியலில் இறங்கிய ஒரே ஐரிஷ்காரர் எங்கள் விலாங்கார்தான். அவருடைய சொந்தப் பெயர் தேர்தல் தட்டிகளில் கொட்டை எழுத்தில் இருந்தது. அவரைப் போலவே நாங்களும் பிழைக்க வந்து குடியேறிய லின்ஃபீல்டில் எங்கள் தெருத் தமிழர்கள் ஒருவரும் அதைச் சீண்டவில்லை. வாயைத் திறந்தால் ஓடையில் வாழும் விலாங்கு மீன்களைப் பற்றித்தான் பேசுவார், ஆகவே விலாங்கார்.

விலாங்கு என்றால் பாம்புக்குத் தலையும் மீனுக்கு வாலும் காட்டும் என்பார்கள். இந்த மனிதர் எல்லோருக்கும் ஒரே முகத்தைத்தான் காட்டினார். அரசியலுக்கு அது ஆகுமா?

ஓரிடத்தில் நிற்க மாட்டார். நம்மோடு பேசும்போதே நம் வேலியோரம் களை பிடுங்குவார். நம் குப்பைத்தொட்டியைத் திறந்து, மறுசுழற்சித் தொட்டிக்குப் போயிருக்க வேண்டிய தயிர் டப்பாவைத் தேடி எடுத்து நம் கையில் கொடுத்துவிட்டு, "உங்க ஓட்டு எனக்குத்தானே?" என்று ஆங்கிலத்தில் கேட்பார். நான் நியூ லின் ஸ்டேஷனுக்கு ஓடும் காலை வேளையில் சைக்கிளில் கூடவே வருவார். ரயில் போய்விடும், அவர் பேச்சு போகாது. எத்தனை நாள் அவரைச் சபித்திருக்கிறேன் தெரியுமா!

முதல் தடவை லோக்கல் போர்டுக்கு நின்றார். நம்மூர் வார்டு கவுன்சிலர் மாதிரி ஒரு பதவி. வீடு வீடாக வந்தவர், பக்கத்து வீட்டு ஜெயம் அக்காவின் வாசலில் மாட்டிக்கொண்டார். அக்கா யாழ்ப்பாணத்துக்காரர். முதியோர் இல்லத்தில் நர்ஸ், சனிக்கிழமைகளில் தமிழ்ப் பள்ளி டீச்சர்.

"தம்பி, உந்த மனுசன் ஒண்டும் சாப்பிடாமல் போறார். மறிச்சுக் கூட்டிக்கொண்டு வாங்கோ!"

"அக்கா, அவர் ஓட்டுக் கேட்க வந்தவர்."

"ஓட்டுக் கேக்கிறவருக்குப் பசிக்காதோ?"

வடை வந்தது, தேத்தண்ணி வந்தது. அடுத்த வீட்டிலும் வடை. ஒரு மாலைக்கு மூன்று வீடு தாண்டுவதற்குள் அவருக்கு மூச்சு முட்டியது. வடை வாங்கித் தின்ற வீட்டையெல்லாம் தன் ஓட்டு என்று கணக்குப் போட்டுக்கொண்டார் மனிதர். "உங்க தெருவில் அலை அடிக்குது," என்று என்னிடமே சொன்னார். எதிர் வேட்பாளருக்கும் அதே வடைதான், சட்னி கொஞ்சம் கூடுதல் என்று அவரிடம் சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

தோற்றார். "அக்கா வடை கொடுத்தாங்களே?" என்று பரிதாபமாகக் கேட்டார்.

"வடை வேற, ஓட்டு வேற சார்," என்றேன்.

இதைக் கேட்டு அக்காவுக்கு மனசு பொறுக்கவில்லை. இங்கே ஓட்டுச்சீட்டு தபாலில் வீட்டுக்கே வரும். நம்மவர்கள் அதை ஃபிரிட்ஜ் மேல் வைத்து மறந்துவிடுவார்கள். அடுத்த தேர்தலில் அக்கா வீட்டுக்கு வீடு போன் போட்டார். "போட்டாச்சோ? இப்ப எழும்பிப் போய்ப் போடுங்கோ. நான் லைனிலை நிக்கிறன்." விலாங்கார் ஜெயித்தார்.

சும்மா விடுவோமா? தமிழ்ப் பள்ளி ஹாலில் பாராட்டு விழா. பிளாஸ்டிக் மாலையைப் போட்ட வேகத்தில் கழற்றித் திருப்பிக் கொடுத்தார். பொன்னாடையை நன்றியோடு வாங்கி, வெளியே போய் நனைந்த சைக்கிள் சீட்டைத் துடைத்தார்.

அதன் பிறகுதான் கார் பார்க் வந்தது. ஹாலுக்குப் பக்கத்தில் ஒரு சதுப்பு, நடுவே அந்த ஓடை. சனிக்கிழமை காரை விட இடமில்லை. இரண்டு தெரு தள்ளி நிறுத்திவிட்டு மழையில் நடப்போம். அக்காவுக்கு வேறு முழங்கால் வலி. பையைத் தூக்கிக்கொண்டு அவர் நடப்பதைப் பார்க்கவே கஷ்டமாக இருக்கும். ஓடையைக் குழாய்க்குள் தள்ளி மேலே கான்கிரீட் போடலாம் என்று பள்ளிக் கமிட்டி மனுப் போட்டது. முடிவெடுக்க வேண்டியது லோக்கல் போர்டு.

"நம்ம உப்பைத் தின்ன ஆளு சார்," என்றார் மதுரைக்காரரான கமிட்டித் தலைவர். "உப்பிட்டவரை உள்ளளவும் நினைக்காம போவாரா?"

தலைவர் சொன்னதை விலாங்காருக்கு நான்தான் ஆங்கிலத்தில் விளக்கினேன். அப்போது அவர் அக்கா வீட்டுச் சமையலறையில் இருந்தார். அந்த மனிதர் அசையாமல் நின்று அன்றுதான் பார்த்தேன். அக்காவின் முழங்காலைப் பார்த்தார். கடித்த வடையைத் தட்டில் வைத்துவிட்டு வெளியே போனார்.

போர்டு கூட்டத்துக்குத் திரண்டு போனோம். விலாங்கார் எழுந்தார். "இங்கே உட்கார்ந்திருக்கும் எல்லார் வீட்டிலும் நான் சாப்பிட்டிருக்கிறேன். இந்த நாட்டில் அவ்வளவு அன்பாக எனக்கு யாரும் சோறு போட்டதில்லை. ஆனால் அந்த ஓடை போனால் திரும்ப வராது. நான் எதிர்த்து ஓட்டுப் போடுகிறேன்." ஒரே ஓட்டில் எங்கள் கார் பார்க் போயிற்று.

"துரோகி!" என்றார் தலைவர். அக்கா பையைத் தூக்கிக்கொண்டு வெளியே நடந்தார். வீட்டுக்கு வந்ததும், "இனி அவருக்கு என்ர கையாலை பச்சைத் தண்ணியும் இல்லை," என்றார்.

விலாங்காரும் வரவில்லை. எங்கள் தெருவைத் தவிர்த்துச் சுற்றிக்கொண்டு போனார். அடுத்த தேர்தலில் எங்கள் பக்கம் எட்டிக்கூடப் பார்க்காமல், ஒரு வடைகூடத் தின்னாமல், படுதோல்வி அடைந்தார். என் ரயில் எனக்கு ஒழுங்காகக் கிடைத்தது. காலை நடை சப்பென்று இருந்தது.

போன மாதம் ஒரு சனிக்கிழமை. நல்ல மழை. பள்ளி முடிந்து அக்கா, நான், என் மகள் மூவரும் காரை நோக்கி நடந்தோம். விலாங்காரைத் திட்டிக்கொண்டுதான் நடந்தேன். ஓடைப் பாலத்தில் மகள் கத்தினாள்: "டாடி, லுக்! ஈல்!"

கீழே கறுப்பாக ஒரு விலாங்கு வழுக்கிக்கொண்டு போனது. கொஞ்சம் தள்ளி முழங்கால் தண்ணீரில், யாரோ எறிந்த சூப்பர் மார்க்கெட் தள்ளுவண்டியை இழுத்துக்கொண்டிருந்தார் விலாங்கார். பதவி போய்விட்டது, ஓட்டுக் கேட்கவும் ஒன்றுமில்லை. நிமிர்ந்தவர் அக்காவைக் கண்டதும் குனிந்துகொண்டார்.

அக்கா பாலத்துக் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

"நல்லா மெலிஞ்சுபோனார் என்ன, தம்பி?" என்றவர் கீழே பார்த்து ஆங்கிலமும் தமிழுமாகக் கத்தினார். "உளுந்து ஊறப் போட்டிருக்கிறன். காலைக் கழுவிப்போட்டு வாங்கோ!"

"ஓம் அக்கா," என்றார் விலாங்கார் தண்ணீருக்குள்ளிருந்து. அவருக்குத் தெரிந்த தமிழே அவ்வளவுதான்.

வந்தார், தின்றார். தேர்தலைப் பற்றி மூச்சு விடவில்லை. எனக்குத்தான் இருப்புக்கொள்ளவில்லை. இரண்டு தெரு தள்ளி நிறுத்திய காருக்கு நடந்து நனைந்த சட்டை காயும் முன்பே, நானே கேட்டுவிட்டேன்:

"அடுத்த தடவையும் நிப்பீங்கதானே சார்?"