பரளச்சியில் நிறுத்தப்பட்ட அவசரம்

மனித குலத்தின் அவசரத்துக்கு முடிவுகட்டும் பொறுப்பு, தீர யோசித்தபின், பரளச்சி பேருந்து நிறுத்தத்திடம் ஒப்படைக்கப்பட்டது. ஒப்படைத்தவன் இயக்குநர் மாதவன். படத்தின் பெயர் 'நில்'. கதை கிடையாது; பரிசோதனைப் படத்தில் கதை இருப்பது அநாகரிகம். பேருந்து புழுதி கிளப்பிப் புறப்படும். ஒரு பெண் அதைப் பொருட்படுத்தாமல் மெல்ல நடந்துவருவாள். 'நவீன வாழ்வின் வெறிவேகம்' முழுவதும் அதற்குள் அடக்கம்.

காலை எட்டே முக்கால் பேருந்துக்கு, கையில் பிளாஸ்டிக் ஃபைலோடு முருகலட்சுமி ஓடிவந்தாள். மாதவன் கேமராவிலிருந்து தலையைத் தூக்கினான். எவ்வளவு அழகான முகம், எவ்வளவு அசிங்கமான ஓட்டம்!

"தங்கச்சி, ஓடாத! மெதுவா நட. ஒரே ஒரு ஷாட்டு."

"பஸ்ஸு போயிரும்ண்ணே. அருப்புக்கோட்டைல பத்து மணிக்கு அங்கன்வாடி வேலைக்கு இன்டர்வியூ."

"டிரைவர்ட்ட சொல்லியாச்சும்மா. நிப்பாட்டுவாரு."

ஓட்டுநரிடம் யாரும் சொல்லவில்லை. சொன்னால் யதார்த்தம் கெட்டுவிடும் என்பது மாதவனின் கலைக்கொள்கை. ஓட்டுநருக்கும் ஒரு கொள்கை இருந்தது: ஓடிவருகிறவர்களுக்கு எவ்வளவு நேரமானாலும் நிற்பார், நடந்துவருகிறவர்கள் பேருந்துக்கு வருகிறவர்களே அல்ல. முருகலட்சுமி நடந்தாள். பேருந்து போய்விட்டது. அடுத்தது பன்னிரண்டரைக்கு.

"கண்ணத் தொடச்சிறாத, அப்படியே நில்லு!" என்று கேமராவுக்குப் பின்னாலிருந்து பரவசமாகக் கத்தினான் மாதவன்.

"ஒங்க வண்டில கொண்டுபோயாவது விடுங்கண்ணே."

"வெயிலு ஏறிருமேம்மா. இன்னும் நாலு ஷாட்டு இருக்கு, சீக்கிரம் முடிக்கணும்."

மறு ஞாயிறே அருப்புக்கோட்டைக் குறும்பட விழாவில் 'நில்' முதல் பரிசு பெற்றது. நடுவர் ஆனந்தகுமார் தழுதழுத்தார். "பஸ்ஸே வேணாம்னு விட்டாங்க பாருங்க, அந்த அமைதி ஞானிகளுக்குத்தான் வரும்!"

'ஞானி' மேடைக்கு அழைக்கப்பட்டாள். 'அவசரத்தைத் துறந்தவர்' என்று ஒரு சான்றிதழ் வழங்கப்பட்டது. அதை வாங்கிய கையோடு அவள் மாதவனிடம் வந்தாள்.

"இன்னும் யாருக்கும் வேலைக்கு ஆர்டர் போடலையாம்ண்ணே. 'என்னாலதான் இந்தப் பொண்ணுக்கு லேட்டு'ன்னு ரெண்டு வரி எழுதித் தாங்க. காலைல ஆபீசர்ட்ட குடுத்தா இன்னொரு தடவ கூப்புடுவாக."

மாதவன் பரிசுக் கோப்பையைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டான்.

"எழுதுவோம்மா, நிதானமா எழுதுவோம். இப்ப மதுரைக்குக் கெளம்பணும். லீவு முடிஞ்சிருச்சு, காலைல ஒம்பது மணிக்கு ஆபீஸ்ல கைரேகை வைக்கணும். அஞ்சு நிமிஷம் பிந்துனா வேலைக்கே உலை வச்சிருவாங்க."

சொல்லிக்கொண்டே ஓட்டமெடுத்தான்.

"ஓடுங்கண்ணே, ஓடுங்க," என்றாள் முருகலட்சுமி. "ஓடிப் போறதுக்கு ஒங்களுக்கு வேலைன்னு ஒண்ணு இருக்குல்ல."