முன்ன ஒரு போட்டோ, பின்ன ஒரு போட்டோ

தண்ணீர் காய்ந்துவிட்டது. அது நின்ற இடத்தில் ஒரு வட்டம் மட்டும், விளிம்பில் பழுப்புக் கோடு போட்டுக்கொண்டு, சோபா குஷன் மேல் சட்டமாக உட்கார்ந்திருந்தது.

சூப்பிரண்டு கடிகாரத்தைப் பார்த்தார். பதினொன்று. மனைவி வர இன்னும் ஆறு மணி நேரம்.

ஆபீசில் அவர் புலி. கோப்பில் ஒரு புள்ளி இடம் மாறியிருந்தாலும் மோப்பம் பிடித்துவிடுவார். வீட்டில் அந்த மூக்குக்கு வேலை கிடையாது. காலை எட்டுக்குக் கிளம்பினால் இரவு எட்டுக்கு வருவார்; தட்டில் சாப்பாடு இருக்கும். அது எப்படி வருகிறது என்பது அவர் பிரிவில் வராத கோப்பு.

நேற்றுதான் பேச்சு முற்றியது.

"படிச்ச படிப்பு பீரோவுல தூங்குது. நான் வேலைக்குப் போறேங்க," என்றாள் மனைவி. அவள் குடும்பத்திலேயே பட்டம் வாங்கிய முதல் ஆள் அவள்தான்.

"வீட்டுல சும்மா இருக்கறதுக்கு என்ன கேடு உனக்கு?"

"சும்மாவா? நாளைக்கு லீவு போட்டு நீங்க சும்மா இருங்க. நான் அக்கா வீட்டுக்குப் போயிட்டு அஞ்சு மணிக்கு வரேன். வீடு விட்டது விட்டபடி இருந்தா, வேலைப் பேச்சையே எடுக்க மாட்டேன்."

"இல்லைன்னா நீ தாராளமா வேலைக்குப் போ!"

அப்படி மார்தட்டியவர் காலையிலிருந்து செய்த ஒரே வேலை, ஐஸ் தண்ணீர் பாட்டிலை மூடி திருகாமல் சோபாவில் சாய்த்து வைத்ததுதான்.

செல்போன் வீடியோவில் எவனோ ஒருவன் வினிகரை லேசாகத் தெளித்தான், கறை போனது. தெளிக்கத் தெரியாத சூப்பிரண்டு பாட்டிலோடு கவிழ்த்தார். சாஸர் அளவு வட்டம் தட்டளவு ஆனது. கூடமெல்லாம் புளித்த நெடி.

அம்மாவுக்குப் போன் போட்டார்.

"முகப் பவுடரைக் கொட்டுடா, ஈரத்தை உறிஞ்சிடும். ஆமா, அவ எங்கே?"

"அக்கா வீட்டுக்குப் போயிருக்கா."

"ஐயோ, என் ராசா சோபா துடைக்குதா! பொறந்ததுலேர்ந்து உன் தட்டைக்கூட உன்னை எடுக்க விட்டதில்லையேடா!"

'அதுதாம்மா இப்ப பிரச்சினை' என்று சொல்ல அவருக்குத் தோன்றவில்லை.

பவுடர் வினிகரோடு சேர்ந்து களிம்பானது. ஹேர் டிரையர் பிடித்தார். களிம்பு ஓடு கட்டியது. கரண்டிக் காம்பால் சுரண்டினார். துணியில் நூல் கிளம்பியது. திருப்பிப் போட்டால், வினிகர் அந்தப் பக்கமும் இறங்கி இன்னொரு வட்டம் இளித்தது. பால்கனி நாற்காலியின் குஷனைக் கொண்டுவந்து அந்த இடத்தில் செருகினார். முந்தின நாள் மழையை வயிறு முட்டக் குடித்திருந்த அது, அமுக்கியதும் பக்கத்துக் குஷன் இரண்டுக்கும் பங்கு கொடுத்தது.

ஆணி பிடுங்கப் போய்ச் சுவர் பெயர்ந்த கதை.

பழைய துணி தேடிச் சமையலறை இழுப்பறையைத் திறந்தார். துணி இல்லை. ஒரு கட்டு நோட்டீஸ் இருந்தது. 'சோபா, மெத்தை, குஷன் கறை நீக்கித் தரப்படும்.' ஒரே நோட்டீஸ் ஐம்பது எதற்கு என்று புலி யோசிக்கவில்லை. அதிலிருந்த கம்பெனி எண்ணுக்கு விலாசத்தை அனுப்பினார். உடனே பதில் வந்தது: 'ஆள் வருகிறார். கவலை வேண்டாம்.' கூடவே ஒரு சிரிப்புப் பொம்மை.

மூன்று மணிக்கு மெஷினோடு ஒரு தொழிலாளி வந்தார்.

"என்ன சார் கொட்டுச்சு?"

"தண்ணி."

"தண்ணி மட்டுமா?"

"வினிகர்."

"அப்புறம்?"

"பவுடர்."

"தாளிக்கலையா சார்?"

சூப்பிரண்டு முறைத்தார்.

"வெறும் தண்ணிக் கறை சார். ஈரத்துணியால ஓரத்துலேர்ந்து நடுவாக்க ஒத்தி, ஃபேனுக்கடியில வெச்சிருந்தா தானா போயிருக்கும்." தொழிலாளி செல்போனைக் குஷனுக்கு நெருக்கமாகப் பிடித்தார். "முன்ன ஒரு போட்டோ, பின்ன ஒரு போட்டோ மேனேஜர் மேடத்துக்கு அனுப்பணும். அவங்க கண்ணுல ஒண்ணும் தப்பாது."

"நல்ல பழக்கம். நானும் அப்படித்தான்," என்று நிமிர்ந்தார் சூப்பிரண்டு.

மெஷின் உறுமியது. கறை போனது. ஆனால் கறை போன குஷன்கள் பளிச்சென்று ஆனதில் மற்றவையெல்லாம் அழுக்கு மூட்டையாகத் தெரிந்தன.

"மாட்டிக்குவேன்யா! எல்லாத்தையும் பண்ணு!"

நாலே முக்காலுக்கு மொத்த சோபாவும் மின்னியது. சூப்பிரண்டு மீசையை நீவிக்கொண்டார். இனி இந்த வீட்டில் வேலைப் பேச்சு கிடையாது.

பின்ன போட்டோவுக்காக, முழு சோபாவும் தெரிகிற மாதிரி நாலடி பின்னால் போனார் தொழிலாளி. எடுக்கப் போனவர், சோபாவுக்கு மேலே சுவரில் மாட்டியிருந்த கல்யாணப் படத்தைப் பார்த்துக் கையை இறக்கினார்.

"அட, எங்க மேனேஜர் மேடம்! மூணு மாசமா ஒன்பதரைக்கு டாண்ணு ஆபீசுல இருப்பாங்க சார்... வீட்டுக்காரரு வெளிநாட்டுல இருக்காருன்னுல்ல நாங்க நெனச்சிட்டிருந்தோம்!"