படத்தில் விழுந்த சாவு

தேயிலைத் தோட்டத்தில் ஆள் கணக்கெடுக்கும் காலைப் பெரட்டுக்கு ஒருவர்கூட வரவில்லை. பெரட்டுக்களத்தில் துரையும் அவருடைய நாயும் மட்டும் நின்றார்கள்.

முந்தின நாள் மாலை அதே களத்தில் சுகாதாரப் படம் காட்ட வந்திருந்த இரகுநாதனைத் துரை கூப்பிட்டனுப்பினார். மத்தியானச் சங்கு ஊதுவதற்குள் ஆட்கள் கொழுந்தெடுக்கப் போகாவிட்டால் இரகுநாதனின் மேலதிகாரிகள் இருக்கும் பதுளைக் கந்தோருக்கு எழுதிப்போடுவதாகச் சொன்னார். இரகுநாதனுக்கு வேலை நிரந்தரமாவதற்கு இன்னும் ஒரு மாதமே இருந்தது.

முந்தின நாள் கடைசியாகக் காட்டியது, மலேரியாப் படங்களோடு தவறி வந்த பத்து நிமிடப் படம். மனிதனின் இழப்பையும் மகிழ்ச்சியையும் பற்றியதாம். ஒருவன் தேநீர் குடித்தபடியே செத்துப்போகிறான். ஆளில்லாத கறுப்புக் குடைகள் அவனைத் தூக்கிக்கொண்டுபோய்ப் புதைக்கின்றன. காட்டிய இரகுநாதனுக்கே ஒன்றும் விளங்கவில்லை.

அவர் தொழிலாளர் குடியிருக்கும் லயத்துக்கு ஓடினார். தண்ணீர் கொட்டும் பீலியடியில் தோட்டமே தலை முழுகிக்கொண்டிருந்தது.

"சாவு விழுந்தா மறுநா வேலை இல்லைங்க. தோட்டத்து வழக்கம்," என்றார் கந்தப்பன் கங்காணி.

"அது நடிப்பு, கங்காணி. அந்தாள் கொழும்பிலை சுகமா இருக்கிறார்."

"மண்ணு தள்ளுற வரைக்கும் பாத்தோமேங்க."

இரகுநாதனுக்கு ஒரு யோசனை பளிச்சிட்டது. தோட்டத்துக் குழந்தைகளை விட்டுப்போகும் பிள்ளைக்காம்பராவின் ஜன்னல்களைக் கம்பளியால் மூடி, எல்லாரையும் உட்காரவைத்து, படத்தைப் பின்னோக்கி ஓடவிட்டார். குழி திறந்தது. குடைகள் பின்புறமாக நடந்து வந்தன. செத்தவன் எழுந்து, குடித்த தேநீரைக் கோப்பைக்குள் துப்பினான்.

"இப்ப உயிர் வந்திட்டுதுதானே?"

வந்துவிட்டது என்று கங்காணி ஒப்புக்கொண்டார். ஆனால் செத்தவர் பிழைத்திருக்கும்போது மாரியம்மனுக்குப் பொங்கல் வைக்காமல் கொழுந்தெடுக்க மலையேறுவது எப்படி என்று கேட்டார். அதற்குள் வெளியே யாரோ தப்புப் பறையைத் தீயில் காய்ச்சத் தொடங்கிவிட்டார்கள்.

பொங்கலை நிறுத்தும் பதற்றத்தில் இரகுநாதன் படத்தை மறுபடி முன்னோக்கி ஓட்டினார். அவன் மறுபடி செத்தான். எல்லாரும் துவாயை எடுத்துக்கொண்டு பீலியடிக்குத் திரும்பினார்கள்.

சங்கு ஊதியது. துரையின் கார் பதுளைப் பக்கமாக இறங்கியது. இரகுநாதன் திகைத்துப்போய்ப் படப்பெட்டியின் மேல் உட்கார்ந்தார்.

கொழுந்தெடுக்கும் ராசம்மா, ஈரத் தலையோடு வந்து ஒரு கோப்பை பால் விடாத சாயத்தண்ணி நீட்டினாள்.

"அது வெறும் படமெண்டு உங்களிலை ஒருத்தருக்கும் விளங்கேல்லையோ?" என்று கேட்டார்.

"விளங்காம என்னங்க ஐயா," என்றாள் ராசம்மா. "போன மாசம் எம் புருசன் செத்தப்ப துரை லீவு தரல, பொணத்தத் தனியாப் போட்டுட்டு மலைக்குப் போனேன், நேத்துதான் அந்தக் குடைங்களோட எல்லாருமாச் சேந்து அவரைத் தூக்கினோம்."