கத்தரி அண்ணை கம்பளி கழற்றிய கதை

கடவுளே நேரில் தோன்றினாலும், முதலில் அவருடைய தோள்தையல் நேராக இருக்கிறதா என்று பார்க்கக்கூடிய மனிதர் இந்த உலகத்தில் ஒருவர்தான். அவர் கத்தரி அண்ணை. அம்மா அப்பா வைத்த பெயர் வேறு ஏதோ இருந்தது. சம்பள நாளில் பத்ரோன் அந்தப் பெயரைப் பிரெஞ்சு நாக்கால் கடித்துக் கூப்பிடுவார். கத்தரி அண்ணையே திரும்பிப் பார்க்கமாட்டார்.

பத்ரோன் என்றால் எங்கள் முதலாளி. மொன்றியலின் வடக்கே, அஹுன்ட்சிக்கில், ஒரு பழைய கட்டடத்தின் நான்காம் மாடியில் அவருடைய கோட்டுத் தொழிற்சாலை இருந்தது. 2000களின் நடுப்பகுதி அது. அந்தத் தெருவில் தொழிற்சாலைகள் ஒன்றன்பின் ஒன்றாகக் கதவை மூடிக்கொண்டிருந்தன. எல்லாத் தையலும் சீனாவுக்குப் போய்க்கொண்டிருந்தது. எங்களுடையது மட்டும் எப்படியோ மூச்சு விட்டுக்கொண்டிருந்தது. நான் கொலர் தைப்பவள். புஷ்பமக்கா பட்டன்காரி. மெசின்களில் இருந்த எல்லோருமே யாழ்ப்பாணத்துப் பெண்கள். துணி வெட்டுகிறவர் கத்தரி அண்ணை ஒருவர்தான். அவர் வெட்டினால்தான் எங்களுக்கு வேலை.

வெட்டிலே ஒரு நூல் பிசகினாலும் அந்தத் துண்டைத் தூக்கிக் குப்பையில் போட்டுவிடுவார். தொழிற்சாலைக்கு வெளியிலும் அந்தக் கண் ஓயாது. மெட்ரோவில் எதிரே இருப்பவரின் சட்டைப்பை சரிந்திருந்தால் அவருக்கு இருப்புக் கொள்ளாது. இரண்டு நிறுத்தம் பொறுத்துப் பார்ப்பார். மூன்றாவதில் எழும்பிப்போய்ச் சொல்லிவிடுவார்.

ஆயுத பூசைக்கு அவர் செய்கிற அமர்க்களம் இன்னும் பெரிது. வெட்டு மேசையைக் கழுவித் துடைத்து, மின்சார வெட்டுக்கத்தியை நடுவில் வைத்து, சுற்றிவரக் கத்தரிக்கோல்களை அடுக்கி, சந்தனம் குங்குமம் பூசி, முன்னால் ஒரு தேசிக்காய் வைப்பார். பூசையில் வைத்த ஆயுதத்தை, வைத்தவர் எடுக்கும்வரை வேறு யாரும் தொடக்கூடாது. இது அவருடைய சட்டம். புஷ்பமக்காவுக்கு அது வேதம்.

ஒரு வருஷம் கற்பூரம் கொஞ்சம் தாராளமாகப் போய்விட்டது. கூரையில் இருந்த புகைமணி அலறியது. தீயணைப்புப் படை கோடரியோடு மாடி ஏறி வந்தது. நாங்கள் சுவரோடு ஒட்டிக்கொண்டு நிற்க, கத்தரி அண்ணை அந்தப் படைத் தலைவரைக் கிட்டப்போய் உற்றுப் பார்த்தார்.

"போன்ஜூர் மிஸ்யூ. உங்கட கோட்டின்ர வலக்கை நீளமாக் கிடக்கு."

தமிழில் சொல்லிவிட்டுக் கையாலும் காட்டினார். அந்த மனிதர் கோடரியைக் கீழே வைத்து, இரண்டு கைகளையும் முன்னால் நீட்டிப் பார்த்தார். வலது கை நீளம்தான். "மெர்சி" என்று சொல்லிவிட்டு ஆட்களைக் கூட்டிக்கொண்டு இறங்கிப் போனார். அதற்குப் பிறகு பத்ரோன் பூசைக்குத் தடை சொல்லவில்லை. கற்பூரத்துக்கு மட்டும்தான் தடை.

இப்படிப்பட்ட மனிதரிடம்தான் கவிதா தன் மடிக்கணினியைத் திறந்தாள்.

கவிதா தமிழ்நாட்டுப் பிள்ளை. என் வீட்டின் கீழறையில் வாடகைக்கு இருந்தாள். மொன்றியல் தீவின் மேற்கு முனையில், சென்ட்-ஆன்-டி-பெல்வ்யூவில் இருக்கிற விவசாய வளாகத்தில் கால்நடை வளர்ப்புப் படித்தாள். சனிக்கிழமைகளில் எங்களோடு வந்து நூல் கத்தரிப்பாள். அந்த வாரம் அவளுக்கு வகுப்பில் ஒரு விவாதம் இருந்தது. மியூல்சிங் என்றொரு காரியம் சரியா பிழையா என்பதுதான் தலைப்பு. சரி என்கிற பக்கம் அவளுக்கு விழுந்திருந்தது. சாப்பாட்டு நேரத்தில் எங்களிடம் ஒத்திகை பார்த்தாள்.

"அக்கா, இது ஆஸ்திரேலியாவுல பண்றது. மெரினோ ஆட்டுக்கு உடம்பெல்லாம் சுருக்கம். வால் பக்கத்துச் சுருக்கத்துல அழுக்கு சேரும், ஈ வந்து முட்டை போடும். புழு வச்சு, ஆட்டை உயிரோடயே தின்னுடும். அதனால குட்டியா இருக்கும்போதே வால் பக்கத்துத் தோலை வெட்டி எடுத்துடுவாங்க. புண்ணு ஆறினா அந்த இடத்துல மயிர் முளைக்காது. ஈயும் வராது."

சொல்லிவிட்டு ஒரு படத்தை ஓடவிட்டாள். குட்டியை மல்லாக்கப் போட்டுக் கால்களைத் தொட்டில்போன்ற ஒரு இரும்புச் சட்டத்தில் மாட்டியிருந்தார்கள். நான் சோற்றுப் பெட்டியை மூடினேன். புஷ்பமக்கா முருகா முருகா என்றாள். கத்தரி அண்ணை மட்டும் திரைக்குக் கிட்டே முகத்தைக் கொண்டுபோனார்.

"இது கத்தரி," என்றார்.

"ஆமாண்ணா. கம்பளி வெட்டுற கத்தரி மாதிரிதான்."

"மரக்கப்பண்ணுற மருந்து போடுறேல்லையோ?"

"இப்பதான் ஒரு மருந்து வந்திருக்கு. ஆனா போடாமயே பண்றவங்க நிறைய. சுருக்கம் இல்லாத ஆடா வளர்க்கலாம்னும் சொல்றாங்க. அதுக்கு வருஷக்கணக்காகும்."

"உடன போடக்கூடிய மருந்து இருக்கு. பேந்தென்ன விவாதம்?"

கவிதா படத்தை நிறுத்தினாள். அண்ணை எழுந்துபோய்த் தன் மேசைக்குப் பக்கத்தில் அடுக்கியிருந்த துணி உருளைகளைப் பார்த்தார். ஒவ்வொன்றின் விளிம்பிலும் அவுஸ்திரேலிய மெரினோ என்று பெருமையாக அச்சடித்திருந்தது. அன்று பின்னேரம் முழுக்க அவர் யாருடைய தையலிலும் குற்றம் சொல்லவில்லை. அப்போதே நாங்கள் பயந்திருக்க வேண்டும்.

அடுத்த வாரம் ஆயுத பூசை. அதே வாரம் பத்ரோன் பெரிய கடையொன்றின் அவசர ஓடரோடு ஓடிவந்தார். அந்த மெரினோத் துணியில் கோட்டுகள். வெள்ளிக்கிழமை லொறியில் ஏறாவிட்டால் ஓடர் சீனாவுக்குப் போகும். ஓடர் போனால் தொழிற்சாலை போகும். இதை அவர் கத்திச் சொல்லவில்லை. மெதுவாகச் சொன்னார். நாங்கள் மெசின்களை நிறுத்திவிட்டுக் கேட்டோம்.

விஜயதசமி காலையில் கத்தி பூசையிலிருந்து எழும்ப வேண்டும். எழும்பவில்லை. கத்தரி அண்ணை மேசைக்கு முன்னால் ஸ்டூலைப் போட்டு, கையைக் கட்டிக்கொண்டு குந்தியிருந்தார். எங்கள் மெசின்கள் வெறுமனே இருந்தன.

"அண்ணை, எடுங்கோவன். நேரம் போகுது," என்றாள் புஷ்பமக்கா.

"அம்மாள் இன்னும் உத்தரவு தரேல்லை."

"எப்ப தருவாவாம்?"

"அந்தக் குட்டியளை உயிரோட உரிக்கிறதை நிப்பாட்டின பிறகு."

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. "ஞாயிற்றுக்கிழமை தவறாமல் ஆட்டுக்கறி தின்னுறியள். இப்ப ஆட்டுக்கு வக்காலத்தோ?"

"தின்னுற ஆட்டை ஒரே வெட்டில முடிக்கவேணும், தங்கச்சி. அதுதான் முறை. அரைவெட்டு வெட்டிப்போட்டு, எழும்பி ஓடு எண்டு விடுறது என்ன முறை?"

"வெட்டாட்டிப் புழு தின்னுமெண்டு கவிதா சொன்னவள்தானே!"

"வெட்டட்டும். மருந்தைப் போட்டு வெட்டட்டும். நான் வேண்டாமெண்டே சொன்னனான்?"

பத்ரோன் வந்தார். நிலைமையை நான் பிரெஞ்சில் விளக்கினேன். ஆடு, ஈ, புழு, சரஸ்வதி என்று அத்தனையும் ஒரே மூச்சில் வந்தபடியால் அவர் பக்கத்தில் இருந்த கதிரையைப் பிடித்துக்கொண்டார். பிறகு சிவந்துபோய், கத்தியைத் தானே எடுக்கக் கையை நீட்டினார். புஷ்பமக்கா போட்ட கூச்சலில் கை அப்படியே நின்றது. வேறு வெட்டுக்காரரைக் கொண்டுவந்தாலும், பூசை கலையாத மேசையில் வெட்டின துணியை அவள் தொடமாட்டாள். அவள் தொடாவிட்டால் ஒரு கோட்டுக்கும் பட்டன் இல்லை. பத்ரோனுக்கு அது விளங்கியது. சப்பாத்தைக் கழற்றிவிட்டு மேசைக்கு முன்னால் வந்து நின்றார். சாமிக்கா கத்தரி அண்ணைக்கா என்று எனக்கு இன்றுவரை தெரியாது.

"நான் துணிதான் வாங்குகிறேன்! ஆடு வாங்கவில்லை! எந்த ஆடு என்று எனக்கு எப்படித் தெரியும்?" என்று பிரெஞ்சில் கத்தினார். நான் தமிழில் சொன்னேன்.

"அப்ப கேக்கச் சொல்லு, தங்கச்சி."

பத்ரோன் துணி ஆலைக்குத் தொலைபேசி எடுத்து, எல்லோருக்கும் கேட்கும்படி ஒலிபெருக்கியில் போட்டார். இந்தக் கம்பளி மியூல்சிங் செய்த ஆட்டினுடையதா என்று கேட்டார். மறுமுனையில் இருந்த ஆள் சிரித்தான். விழுந்து விழுந்து சிரித்தான். இவ்வளவு காலத்தில் ஒருவரும் கேட்காத கேள்வி என்றான். செம்மறியாட்டைப்போல மே என்று கத்தியும் காட்டினான்.

அதுவரை எங்கள் மீது இருந்த பத்ரோனின் கோபம் அப்படியே தொலைபேசிக்குள் இறங்கியது. "கண்டுபிடித்துச் சொல்! இல்லையென்றால் அடுத்த பருவத்துக்கு உன்னிடம் ஒரு முழத் துணி வாங்கமாட்டேன்!" என்று போனை அடித்து வைத்தார். பிறகு அண்ணையைப் பார்த்து, அடுத்த துணி வேறு ஊர் ஆட்டினுடையதுதான், ஆனால் இது வந்துவிட்டது, இதை வெட்டு என்று கெஞ்சினார்.

அண்ணை அசையவில்லை. நேரம் போய்க்கொண்டேயிருந்தது. இனி லொறி போனமாதிரித்தான் என்று எனக்குத் தோன்றியது. என் இரண்டு பிள்ளைகள் கண்ணுக்குள் வந்தார்கள். வாயில் வந்ததைச் சொல்லிவிட்டேன்.

"ஆட்டுக்குட்டி கண்ணில தெரியுது. எங்கட குட்டியள் தெரியேல்லையோ?"

அதற்கும் அவர் அசையவில்லை. புஷ்பமக்காவின் புருஷன் நோயாளி. அவளுடைய ஒரு சம்பளத்தில்தான் அந்தக் குடும்பம் ஓடியது. அவள் பட்டன் மெசினுக்கு முன்னால் போய் இருந்து, துணியில்லாத ஊசியைப் பார்த்துக்கொண்டு அழுதாள். கத்தரி அண்ணை அவளைத் திரும்பிப் பார்த்தார். பிறகு எழும்பினார். குங்குமத்தைத் துடைத்தார். தேசிக்காயை வெட்டிப் பிழிந்தார். கத்தியை எடுத்தார்.

வெள்ளிக்கிழமை லொறி போனது. ஒரு துண்டிலும் ஒரு நூல் பிசகில்லை. வெட்டி முடித்த பின்னேரம், தன்னுடைய கம்பளிக் கோட்டைக் கழற்றினார். அவரே வெட்டித் தைத்த கோட்டு அது. மொன்றியல் முழுவதிலும் அப்படியொரு தோள்தையல் நான் கண்டதில்லை. அதை ஆணியில் மாட்டிவிட்டு, "அவங்கள் நிப்பாட்டட்டும், நான் போடுறன்," என்று சொல்லி வெறும் சட்டையோடு இறங்கிப் போனார்.

ஒக்டோபரில் சிரித்தோம். நவம்பரில் திட்டினோம். டிசம்பரில் மனிதர் சட்டைக்கு மேல் சட்டையாகப் போட்டு, உள்ளே வீட்டில் கட்டும் சாரத்தைச் சுற்றி, நெஞ்சுக்குப் பத்திரிகைத் தாள் வைத்துக்கொண்டு வந்தார். நடந்தால் சரசரவென்று சத்தம் கேட்கும். கடையில் பஞ்சு அடைத்த கோட்டு வாங்கலாமே என்றால், "அதின்ர தையலைப் பாத்தனியோ?" என்பார். இருமல் தொடங்கியது. ஜனவரியில் ஒருநாள் வேலைக்கு வரவில்லை. காய்ச்சல் நெஞ்சுக்கு இறங்கிவிட்டது என்று செய்தி வந்தது. எங்களில் ஒருவருக்கும் மற்றவர் முகத்தைப் பார்க்கத் தைரியமில்லை.

புஷ்பமக்காதான் முதலில் எழும்பினாள். அவள் போய் அவருடைய கத்தரிக்கோலை எடுத்து என்னிடம் தந்தாள். அம்மாளிடம் உத்தரவு கேட்டாளோ தெரியாது. தடித்த பருத்தித் துணி, உள்ளே செயற்கைப் பஞ்சு, ஆட்டு மயிர் ஒன்றுகூட இல்லை. ஆணியில் தொங்கிய அவருடைய கோட்டை அளவுக்கு வைத்து நான் வெட்டினேன். வாழ்க்கையில் ஒரு துணியும் வெட்டியறியாதவள் நான். தைத்து முடித்துத் தூக்கிப் பிடித்தபோதுதான் தெரிந்தது, இடது கை நீளம். கொஞ்சநஞ்சமல்ல, குருடனுக்கும் தெரிகிற நீளம். பிரித்துத் தைக்க நேரமில்லை. காய்ச்சல் விட்டு மறுநாள் வருகிறாராம்.

வந்தார், மெலிந்துபோய். புஷ்பமக்கா கோட்டை நீட்டினாள். போட்டார். கண்ணாடிக்கு முன்னால் போய் நின்றார். அவருடைய கண் நேரே இடது கைக்குப் போனதை நாங்கள் எல்லோரும் பார்த்தோம். வாயைத் திறந்தார். மூடினார். எங்களைத் திரும்பிப் பார்த்தார்.

"அளவான கோட்டு," என்றார்.

அந்த வாயிலிருந்து நான் கேட்ட ஒரே பொய் அதுதான். அடுத்த பருவத்துத் துணி வேறு ஊர் ஆட்டினுடையது என்று பத்ரோன் சத்தியம் பண்ணினார். உண்மையோ பொய்யோ, உருளை விளிம்பில் பெருமை அச்சு இல்லை. சில வருஷங்களில் தொழிற்சாலையும் மூடிவிட்டது. ஆளுக்கொரு பக்கமாகப் போனோம். அவர் லவாலில் மகள் வீட்டுக்குப் போய்விட்டார். கடைசியாக அவரை மெட்ரோவில் கண்டபோதும் அதே கோட்டுத்தான். நினைத்திருந்தால் சாப்பாட்டு நேரத்துக்குள் அந்தக் கையைச் சரிபண்ணியிருப்பார். அவர் அதில் ஒரு தையலைக்கூடப் பிரிக்கவில்லை.

இப்போதும் குளிர்காலத்தில் மெட்ரோவில் ஏறினால், முகங்களைப் பார்ப்பதற்கு முன்னால் என் கண் எல்லோருடைய இடது கையையும்தான் பார்க்கிறது.