நோட்டீஸில் நான் திருத்திய பெயர்

இதை எழுதலாமா வேண்டாமா என்று பத்து வருடங்களுக்கு மேல் யோசித்துவிட்டேன். பேனாவை எடுத்தாலே என் மனைவி சிரிப்பாள், மூடி வைத்துவிடுவேன். இன்று மாரியம்மன் மேல் பாரத்தைப் போட்டு எழுதுகிறேன்.

எழுபதுகளின் கடைசி. நாமகிரிப்பேட்டைப் பக்கம் எங்கள் ஊர் மாரியம்மன் பண்டிகைக்கு நோட்டீஸ் அடிப்பதும் மைக்கில் அறிவிப்பதும் என் பொறுப்பு. (எட்டாவது படித்திருந்தேன். அங்கே அதுவே பெரிய படிப்பு.) மேளத்துக்கு ஏரிக்கரைத் தெரு ராசப்பன் குழுவைப் பேசியிருந்தோம். அந்தத் தெருக்காரர்களை எங்கள் தெரு 'நண்டுதின்னி' என்றுதான் ஏசும். ராசப்பன் என்ன செய்தார் தெரியுமா? அந்த ஏச்சையே எடுத்து, மேளத்தின் மேல் பெயிண்டால் 'நண்டுதின்னி செட்' என்று எழுதிவிட்டார்!

எனக்குப் பொறுக்கவில்லை. அம்மன் நோட்டீஸில் வசவா? யாரையும் கேட்காமல் செவ்வாய்ப்பேட்டை அச்சகத்தில் 'ஸ்ரீசக்தி மேளக்குழு' என்று திருத்திக் கொடுத்தேன். ஏதோ புண்ணியம் செய்துவிட்டதாக நினைப்பு வேறு.

பண்டிகையன்று அம்மன் சப்பரத்தில் ஏறியாகிவிட்டது. தூக்குகிறவர்கள் தோள் கொடுத்து நிற்கிறார்கள். மேளம் இல்லாமல் அம்மன் வாசலைத் தாண்டும் வழக்கமில்லை. ராசப்பன் மேளத்தைக் கழற்றிக் கீழே வைத்தார்.

"ஏனுங்க, சக்தி செட்டு வரட்டும்ங்க. அவங்க வாசிப்பாங்க."

"ராசப்பா, மைக் பர்மிசன்ல யாரையும் இழிவாப் பேசக்கூடாதுன்னு போட்டிருக்குது. போலீசு வேற நிக்குது" என்றேன்.

"உங்க ஊட்டு வாசல்ல நின்னு எங்கள அந்தப் பேரச் சொல்லிக் கூப்புடறதுக்கு எந்த டேசன்ல பர்மிசன் வாங்குனீங்க?"

கூட்டம் சிரித்தது. (பந்தோபஸ்துக்கு வந்த ஏட்டும்தான்.)

"இது நாங்களே வெச்சுக்கிட்ட பேருங்க. பேராச் சொல்லுங்க, போதும்."

தர்மகர்த்தா பல்லைக் கடித்தார். "சொல்லித் தொலையப்பா! அம்மா வெயில்ல நிக்கறா."

நல்லது செய்யப் போனவனுக்கு இதுதான் கதி என்று நொந்துகொண்டே மைக்கைப் பிடித்தேன். அந்தச் சொல்லை அதுவரை ஆயிரம் தடவை சொல்லியிருப்பேன்; ஒரு தடவைகூட மரியாதையாகச் சொன்னதில்லை. நாக்கு பழகிய வழியிலேயே போயிற்று. நாலு குழாயிலும் கணீரென்று கேட்டது:

"டேய் நண்டுதின்னி, அட்றா மேளத்த!"

ஏட்டு என் சட்டைக் காலரைப் பிடித்தேவிட்டார்.

ராசப்பன்தான் விலக்கினார். "உடுங்க ஏட்டய்யா, பழகட்டும். சாமி, 'ங்க' போட்டு இன்னொருக்காச் சொல்லுங்க."

மூன்று தடவை சொல்ல வைத்தார். "நண்டுதின்னி செட்டுக்காரங்க வாசிங்க" என்று மூன்றாவது தடவை பிசகில்லாமல் வந்த பிறகுதான் மேளம் முழங்கியது, அம்மன் நகர்ந்தாள்.

இன்றைக்கும் வீட்டில் நான் யாரையாவது அதட்டினால் போதும், உள்ளிருந்து மனைவியின் குரல் வரும்: "மைக்கு போட்டிருக்குதுங்க!"

இதை யாருக்காவது சொல்வதானால் உள்ளபடியே சொல்லுங்கள். என் மானத்தைக் காப்பாற்றுவதாக நினைத்து அந்த 'டேய்'யை எடுத்துவிடாதீர்கள். ஒரு நோட்டீஸைத் திருத்தி நான் பட்டது போதும்.