பெட்டிக்குக் கீழே ஒரு பெட்டி

"அத்தை, மாமா பாடின பாட்டு என்கிட்ட மட்டும்தான் இருக்கு. நான் போடாம வேற யாரு போடுவா?" என்றான் லெபோகாங்.

"போடு. ஆனா உன் அமாபியானோ டான்ஸ் பாட்டுக் குத்து ஒண்ணு கேட்டுச்சு, அப்புறம் என் வாசப்படி மிதிக்காத." மொக்காடி அத்தை கறுப்புச் சால்வையை இழுத்துவிட்டுக்கொண்டார். "அந்த ஸ்பீக்கரும் என் கண்ணுல படக்கூடாது. இது சாவு வீடு."

தென்னாப்பிரிக்காவின் மமெலோடியில் தெருவையே அடைத்துப் பந்தல் போட்டிருந்தார்கள். அத்தையின் கணவர், இறந்துபோன ஃபினியாஸ் மாமா, சர்ச் பாடகர். லெபோகாங் கம்ப்யூட்டரில் தாளம் கோத்துச் செய்த இசையைக் குடும்பத்தில் மதித்த ஒரே ஆள். ஒரு பாட்டுக்குக் குரலும் கொடுத்திருந்தார். "என்னை அனுப்பும்போது இந்தப் பாட்டுதான்டா" என்று கேட்டுமிருந்தார். அதைப் போடாமல் அவரை மண்ணுக்குள் விட லெபோகாங்குக்கு மனம் வரவில்லை.

சின்ன ஸ்பீக்கர்களைப் பந்தல்கால் மறைவில் வைத்தான். குத்துச் சத்தம் அதிரும் பேஸ் ஸ்பீக்கர் பெட்டிதான் பெரிசு. சவப்பெட்டி வைக்கிற மேசைக்கு அடியில் தள்ளி, வெள்ளைத் துணியை இறக்கி மறைத்தான்.

சவ வண்டி லேட்டாக வந்தது. பெட்டியை மேசைமேல் இறக்கி, முகத்தைத் திறந்து காட்டவா என்று டிரைவர் கேட்டபோது அத்தை மறுத்துவிட்டார்.

"எனக்குத் தெம்பில்லப்பா. மூடியே இருக்கட்டும்."

பாஸ்டர் ஜாடை காட்டினார். லெபோகாங் தாளத்தையெல்லாம் அணைத்துவிட்டுப் பாட்டைப் போட்டான். மாமாவின் குரல் எழுந்தது. பந்தல் விம்மியது.

டொக்.

மரத்தை முட்டியால் இடிப்பது போன்ற அந்த அடி மட்டும் தனி ஒயரில் பேஸ் பெட்டிக்குப் போகிறது. அதை மறந்துவிட்டிருந்தான்.

டொக். டொக்-டொக்.

"ஐயோ! என் புருஷன் தட்டுறாரு!"

லெபோகாங் பதறிப்போய் அடியை நிறுத்தினான்.

"நின்னுடுச்சே! மறுபடி செத்துட்டாரே!" அத்தை மார்பில் அடித்துக்கொண்டார்.

அந்தக் கோலத்தைப் பார்க்க முடியாமல் திரும்பவும் போட்டான்.

டொக்-டொக்.

"உயிரு இருக்கு! தொறங்கடா!"

"அத்தை, அது மாமா இல்ல! என் பாட்டு!"

"பொய் சொல்லாத! உன் பாட்டு என்னைக்குடா இவ்ளோ மெதுவா அடிச்சிருக்கு?"

"பாஸ்டர், நீங்களாவது சொல்லுங்க..."

பாஸ்டர் எப்போதோ தெருமுனைக்கு ஓடியிருந்தார்.

காட்டினால் நம்புவார்கள் என்று துணிக்கடியில் கைவிட்டு ஸ்பீக்கரை இழுத்தான். மேசை ஆடியது. சவப்பெட்டியும் ஆடியது.

"பாருங்க, எழுந்திரிக்கப் பாக்குறாரு!"

நாலு பேர் பாய்ந்து மூடியைக் கழற்றினார்கள். கழற்றியவர்கள் அப்படியே பின்வாங்கினார்கள். அத்தை குனிந்து பார்த்தார். வெகுநேரம் பார்த்தார். அழவில்லை. மாமாவின் குரல் மட்டும் பாடிக்கொண்டிருந்தது.

டிரைவர் எட்டிப் பார்த்துத் தொப்பியைக் கழற்றினார்.

"அம்மா... இவரு அட்டெரிஜ்வில்ல ஒரு வீட்டுக்குப் போக வேண்டியவரு. உங்க ஆளை அங்க எறக்கிட்டேன் போலிருக்கு."

அத்தை சால்வையை இடுப்பில் இறுக்கிக் கட்டினார்.

"லெபோ, ஸ்பீக்கரைத் தூக்கு. குத்தை நல்லாக் கூட்டி வை. அங்கயும் யாராவது தட்டினாத்தானே மூடியைத் திறப்பாங்க, என்ன சொல்ற?"